கதவு போட்ட வீடு

என் பெண்சாதியை நான் கடைசியா உயிரோட பார்த்தப்ப அவ இதைத்தான் விளையாடிக்கிட்டிருந்தா, தம்பி. இதேதான். உங்க போன்ல ஓடுதே, இந்த உப்புக் காடும் இடிஞ்ச பாலமும், இதேதான். சால்ட் ரோடு. பேரைக்கூடச் சொல்ல வேணாம், அந்தச் சங்குச் சத்தம் கேட்டாலே எனக்குத் தெரிஞ்சிடும். இல்ல இல்ல, நிறுத்த வேணாம். நீங்க பாருங்க. சத்தத்தை மட்டும் கொஞ்சம் குறைச்சுக்குங்க, முன்சீட்டு அம்மா ரெண்டு தடவை திரும்பிப் பார்த்தாச்சு.

அன்னைக்குக் காலையில நான் பென்ஷன் ஆபீசுக்குக் கிளம்பினேன். வருஷா வருஷம் போய் நான் உயிரோடதான் இருக்கேன்னு மூஞ்சியைக் காட்டிட்டு வரணும்ல, அதுக்கு. செருப்பை மாட்டிக்கிட்டே, "கேஸ்காரன் வந்தா வாங்கி வை"ன்னேன். அவ திரும்பலை. டிவியைப் பார்த்த மேனிக்கே "சரிங்க"ன்னா. "அறுபது வயசுல துப்பாக்கி சுடுறியாக்கும்"னேன். "சுடலைங்க, தண்ணி புடிக்கிறேன்"னா. அவ்வளவுதான். திரும்பி வந்தப்ப நாற்காலியில உக்காந்தபடியே போயிருந்தா. நெஞ்சு. ஒரு நிமிஷம்கூட ஆயிருக்காதுன்னு டாக்டர் சொன்னார்.

டிவி ஓடிக்கிட்டே இருந்துச்சு. அதுல அவளோட பொம்மை ஒரு கிணத்தடியில வாளியோட நிக்குது. அதைச் சுத்தி ஒரு கூட்டம். கையில தடியும் கம்பியுமா, வெளிப்பக்கம் பார்த்துக்கிட்டு, வட்டம் கட்டி நிக்கிறானுங்க. இது நெட்டுல விளையாடற விளையாட்டு இல்லையா, ஊர்ல உள்ளவன் எல்லாம் ஒரே நேரத்துல உள்ள நடமாடுவான். அவ பொம்மை அசையாம நிக்கவும், ஏதாவது மிருகம் வந்து கடிச்சிடப் போகுதுன்னு காவலாம். நான் வர்ற வரைக்கும் அப்படியே நின்னிருக்கானுங்க. வேலைவெட்டி இல்லாத பயலுவ. நான் வயரைப் பிடுங்கி விட்டேன்.

உங்க போன்ல பேசறானே அந்தத் தாடிக்காரன், என்ன சொல்றான்? "புதுசா விளையாட வர்றவங்களுக்கு சில டிப்ஸ்." சொல்லட்டும், கேப்போம். முதல்ல துப்பாக்கி தேடணுமா? பார்த்தீங்களா, இவன் ஒரு நாளாவது அதுல உருப்படியா இருந்திருப்பானா? துப்பாக்கியை நக்கினா தாகம் தீருமா? முதல்ல பானை தம்பி. ஓட்டைப் பானையா இருந்தாலும் சரி, பானை. அந்த ஊர்ல எல்லாக் கிணத்துலயும் உப்பு. நல்ல தண்ணி எங்கயோ ஒரு கிணத்துலதான் ஊறும், அதைச் சுமக்க உங்ககிட்ட ஏனம் இல்லேன்னா துப்பாக்கியோட உக்காந்து சாக வேண்டியதுதான். அப்புறம் உப்புக்காத்து. ஓடுன்னு சொல்லுவான் பாருங்க. ஓடவே கூடாது. முதுகைக் காட்டிக்கிட்டு உக்காந்துடணும். ஓடறவனுக்குத்தான் மூச்சு போகும்.

எனக்கு எப்படித் தெரியுமா? எனக்கு ஒண்ணும் தெரியாது, நான் எதுக்கு இதெல்லாம் விளையாடப் போறேன். அவ வாய் ஓயாம சொல்லிக்கிட்டே விளையாடுவா. காதுல ஒரு வளையத்தை மாட்டிக்கிட்டு, வாய்கிட்ட ஒரு குச்சியை நீட்டிக்கிட்டு, எங்கயோ இருக்கிறவன்கிட்ட எல்லாம் பேச்சு. "சாப்பிட்டியா கண்ணு, உக்காரு, தண்ணி குடி, எங்கிருந்து வர்றே?" நான் பக்கத்துல பேப்பர் படிச்சுக்கிட்டிருப்பேன். காதுல விழாம எப்படி?

நான் பஸ்ல செக்கிங் இன்ஸ்பெக்டரா இருந்தவன். ஏறினதும் கண்டக்டர் வணக்கம் வெச்சானே, அது அதுக்குத்தான். ஒரு வண்டியில ஏறி நின்னா போதும், எவன் டிக்கெட் எடுக்கலைன்னு எனக்குத் தெரியும். என்னைப் பார்த்ததும் எழுந்து "உக்காருங்க சார்"னு எவன் இடம் குடுக்கிறானோ அவன்தான். மரியாதையா இருக்கிறவனை நம்பவே கூடாது தம்பி. நான் சர்வீஸ்ல கத்துக்கிட்டது அது ஒண்ணுதான், அது தப்பினதே இல்ல.

விளையாட்டுப் பெட்டி மருமகனோடது. கப்பல்ல வேலை. ஒரு தடவை லீவுல வந்தவன், "அத்தைக்குப் பொழுது போகும்"னு வெச்சுட்டுப் போனான். இவ அப்ப முட்டி வலின்னு வெளியே போறதை விட்டிருந்தா. சீரியல் பார்க்க மாட்டா. நான் சிரிச்சேன். நாலு நாள்ல மூலையில போட்டுடுவான்னு நெனச்சேன். நாலு வருஷம் ஓடிச்சு.

கதை என்ன பெரிய கதை. கடல் உள்ள வந்து, கெடந்து, அப்புறம் வத்திப் போய், பூமியெல்லாம் உப்பாக் கெடக்கு. மிஞ்சினவன் தண்ணிக்கு அலையறான். உலகம் அழிஞ்சா எப்படி இருக்கும்னு நாகப்பட்டினத்துக்காரனுக்கு எவனோ கம்ப்யூட்டர்ல போட்டுக் காட்டணுமாம். நாங்க பார்க்காத கடலா? அதுல முதல் பாகம், ரெண்டாம் பாகம், மூணாம் பாகம். உலகம் ஒரு தடவைதான் அழியும், இந்தக் கம்பெனிக்காரனுக்கு மட்டும் நாலஞ்சு வருஷத்துக்கு ஒரு தடவை அழியுது. இப்ப நாலு வந்தாச்சு. அஞ்சுக்கு இப்பவே முன்பதிவாம். போன்லயே விளையாடற மாதிரி குட்டியா ஒண்ணு தையில வருதாம். அதுல நாய் வளர்க்கலாமாம். உலகமே போச்சு, நாய்க்கு என்ன போடுவான்? ஆனா பதிவு பண்ணி வெச்சுட்டுக் காத்துக் கெடக்கான் பாருங்க ஒவ்வொருத்தனும். என் பெண்சாதியும் நாலாம் பாகத்துக்குப் பதிவு பண்ணித்தான் வெச்சிருந்தா. அது வர்றதுக்குள்ள இவ போயிட்டா.

இவ அந்த மூணாம் பாகத்துல ஒரு வீடு கட்டி வெச்சிருந்தா. ரோட்டு ஓரத்துல, அந்த நல்ல தண்ணிக் கிணத்துக்குப் பக்கத்துல. ஒரு கூடம், ஒரு உள்ளறை, முன்னால ஒரு பந்தல். பந்தல்ல பானை வெச்சிருப்பா. போறவன் வர்றவன் குடிப்பான்.

காரியத்தன்னைக்கு ஒரு போன். பதினாறாம் நாள், வீடு நிறைய ஆளு, ஐயர் உக்காந்திருக்கார், நான் ஈர வேட்டியோட நிக்கிறேன். அவ போன்தான் அடிக்குது. எடுத்தா ஒரு பொம்பளைக் குரல்.

"அண்ணாச்சி, நான் தூத்துக்குடியில இருந்து செலஸ்டினா பேசுதேன். அக்கா போன சேதியை உங்க மகதான் சொன்னாவ. நாங்க எல்லாரும் அக்கா வீட்டுலதான் இருக்கோம்."

நான் சுத்தி முத்திப் பார்க்கிறேன். "எந்த வீட்டுலம்மா? இங்க அப்படி யாரும் இல்லையே."

"கேம்ல அண்ணாச்சி. அக்கா கட்டுன வீட்டுல. எல்லாரும் ஆளுக்கொரு விளக்கு வெச்சிருக்கோம். சொல்லணும்னு தோணுச்சு."

எனக்கு வந்த ஆத்திரத்துக்கு என்ன சொல்லட்டும். காரியம் இங்க நடக்குது, கூட்டம் அங்க கூடுது. அதுவும் அண்ணாச்சியாம். நான் என்ன மளிகைக்கடையா வெச்சிருக்கேன்? "போனை வையும்மா"ன்னு வெச்சுட்டேன்.

விட்டாளா? ஒரு வாரம் கழிச்சு மறுபடி. மீன் கம்பெனியில இறால் உரிக்கிற பிரிவுல சூப்பர்வைசராம். இறால் உரிக்கிறவளுக்கும் உலகம் அழியறதுக்கும் என்ன சம்பந்தம், சொல்லுங்க. ஆனா விஷயத்தோடதான் கூப்பிட்டிருந்தா. நாலாம் பாகம் ஆயுத பூஜைக்கு முந்தின நாள் வருது. அன்னைக்கே மூணாம் பாகத்தை மூடிடுவான். ஆனா மூணுல எந்த வீடு இடியாம நிக்குதோ அதை அப்படியே தூக்கி நாலுல வெச்சுக் குடுப்பானாம். வீட்டுக்காரங்க மட்டும் அப்பப்ப உள்ள வந்து போயிருக்கணும். வராத வீட்டை ஆளில்லாத வீடுன்னு எடுத்துடுவான்.

"அக்காவுக்கு அந்த வீடு நாலுக்கு வரணும்னு ரொம்ப ஆசை அண்ணாச்சி. நீங்க தினம் அக்கா பேர்ல உள்ள போய் சும்மா நின்னாப் போதும். மத்ததை நாங்க பார்த்துக்கிடுதோம். எதையும் தொட்டுடாதிய."

எதையும் தொடாதே. யார்கிட்ட சொல்றா பாருங்க. முப்பது வருஷம் வண்டி வண்டியா சோதனை போட்டவன்கிட்ட.

நான் போகக் கூடாதுன்னுதான் இருந்தேன். ஆனா பாருங்க, வீடுன்னு ஒண்ணு இருக்கு, இவ பாடுபட்டுக் கட்டினது, ஊரான் பயலுவ அதுக்குள்ள விளக்கு வெச்சுக்கிட்டு உக்காந்திருக்கான். என்னதான் நடக்குதுன்னு பார்க்க வேணாமா? போனேன். கையில பிடிச்சு ஆட்டுற அந்த விளையாட்டுக் குச்சியைத் திருப்பி நடக்கவே ஒரு வாரம் ஆச்சு. நேரா நடன்னா சுவத்துல முட்டும். கிணத்துல ரெண்டு தடவை விழுந்தேன். எவனோ கயிறு போட்டுத் தூக்கி விட்டான்.

உள்ள போய்ப் பார்த்தா வீட்டுக்குக் கதவே இல்ல தம்பி. நெலை இருக்கு, கதவு இல்ல. எவன் வேணா வர்றான், எவன் வேணா போறான். ஒருத்தன் உள்ளறையில காலை நீட்டிப் படுத்திருக்கான். ஒருத்தி அடுப்பு மூட்டியிருக்கா. எவனையும் எவனும் கேக்கறதில்ல. வர்றான், தண்ணி குடிக்கிறான், கொஞ்ச நேரம் சுவத்தண்ட நின்னு லொட்டு லொட்டுன்னு எதையோ தட்டறான், போறான். இவ பொம்மையைப் பார்த்ததும் எல்லாம் எழுந்து நிக்குது. "அண்ணாச்சி வணக்கம், உக்காருங்க அண்ணாச்சி." எனக்குப் புரிஞ்சு போச்சு. இடம் குடுக்கிறான் பார்த்தீங்களா.

தாடிக்காரன் என்ன சொல்றான்? "முன்னப் பின்னத் தெரியாத ஆட்களை நம்பாதீங்க." ஆங், இது ஒண்ணுதான் இவன் உருப்படியாச் சொன்னது.

கதவு போட்டேன். சும்மா இல்ல, அதுக்குப் பலகை தேடி, கீல் தேடி, இரும்புத் துண்டுக்கு நாள் கணக்கா அலைஞ்சேன். பூட்டும் போட்டேன். பந்தல்ல இருந்த பானையை எடுத்து உள்ள வெச்சேன். அன்னைக்குத்தான் அந்த வீடு வீடு மாதிரி இருந்துச்சு.

சாயங்காலமே போன்.

"ஏன் அண்ணாச்சி கதவு போட்டிய?"

"வீடுன்னா கதவு இருக்கும்மா."

"அண்ணாச்சி, அந்த ஊர்ல உப்புக்காத்து தினம் சுவத்தை அரிச்சிடும். ஒத்தை ஆளா பூசி மாளாது. அக்கா அதுக்குத்தான் ஒரு வழக்கம் வெச்சிருந்தாவ. தண்ணி குடிச்சவன் ஒரு ஆணி அடிச்சிட்டுப் போகணும். அவ்வளவுதான். நாலு வருசமா அப்படித்தான் அந்த வீடு நிக்கி. உள்ள வர முடியலைன்னா யாரு அண்ணாச்சி அடிப்பா?"

"நான் அடிக்கிறேன். எனக்குக் கை இல்லையா?"

"இருக்கு அண்ணாச்சி. ரெண்டு கைதானே இருக்கு."

வாயைப் பார்த்தீங்களா? எனக்கு அப்பவே சந்தேகம் தட்டிடுச்சு. ரோட்டோர வீடு, தண்ணிக் கிணறு பக்கத்துல, நாலாம் பாகம் வரப்போகுது. இவளுக்கு என்ன இதுல இவ்வளவு அக்கறை? "வீட்டை ஆட்டையப் போடலாம்னு பார்க்கிறியா?"ன்னு நேராவே கேட்டுட்டேன். அதுக்கு அவ சொல்றா, "அண்ணாச்சி, அக்கா உங்களைப் பத்தி ஒரு நாளும் குறையாச் சொன்னதில்ல. வீட்டுல பேச்சுத் துணைக்கு ஆள் இல்லைன்னு மட்டும்தான் சொல்லுவாவ."

எப்படி இருக்கு? ஆள் இல்லையாம். ரிட்டயர் ஆன நாள்லேர்ந்து நான் வீட்டைவிட்டு எங்கேயும் போனதில்ல தம்பி. முழு நாளும் அவ பக்கத்து நாற்காலியிலதான் உக்காந்திருந்தேன். பேப்பரை வெச்சா புத்தகம், புத்தகத்தை வெச்சா பேப்பர். ஒரு சத்தம் போட்டிருப்பேனா, ஒரு வம்பு பேசியிருப்பேனா? என்னைவிட நல்ல துணை எவளுக்குக் கிடைக்கும்? இவளுங்க சேர்ந்து கதை கட்டறாளுங்க.

அதுக்கப்புறம் நானே பூசினேன், நானே ஆணி அடிச்சேன். விடிஞ்சதும் உக்காந்தா சாப்பாட்டு நேரம் தெரியாது. வடக்குச் சுவரை முடிச்சுட்டுத் தெற்கே போனா வடக்கு உதிர்ந்திருக்கும். மக ஓசூர்லேர்ந்து போன் பண்ணி, "என்னப்பா, குரல் ஒரு மாதிரி இருக்கு, சாப்பிட்டீங்களா?"ங்கறா. "வேலையா இருக்கேன்"னேன். "என்ன வேலை?"ன்னா. "வீட்டு வேலை"ன்னேன். பொய்யா? மருமகன் கப்பல்லேர்ந்து, "மாமா, பெட்டியை வேணா திருப்பிக் குடுத்துடுங்களேன்"னான். குடுத்ததைத் திருப்பிக் கேக்கிறான் பாருங்க. எச்சைப் பய.

வெளியில பயலுவ போறதையும் வர்றதையும் ஜன்னல் வழியாப் பார்ப்பேன். பந்தல்கிட்ட நிப்பான், பானை இருந்த எடத்தைப் பார்ப்பான், போவான். சில பேர் வெளிச்சுவத்துல ஆணி அடிக்கப் பார்த்தான். விரட்டி விட்டேன். என் வீட்டுச் சுவத்துல உனக்கு என்ன ஆணி?

ஆயுத பூஜைக்கு முந்தின நாள். மத்தியானம் மூணு மணிக்கு மூடறான்னு சொல்லியிருந்தான். சாப்பிட்டுட்டு உக்காந்தேன். தெற்குச் சுவர்ல ரெண்டு பலகை பாக்கி. போதும், தாங்கிடும்னு கணக்கு. அப்பப் பார்த்துக் காத்து எடுத்துச்சு தம்பி. சாதாரணக் காத்து இல்ல. வெள்ளை வெளேர்னு, எதிர்ல இருக்கிற கிணறு தெரியலை. கூரை பறக்குது. நான் சுத்தியலை எடுத்துக்கிட்டு இங்க ஓடறேன், அங்க ஓடறேன். காதுல வளையத்தை மாட்டியிருந்தேன். அதுல ஒரே கூச்சல்.

"அண்ணாச்சி, கதவைத் தொறங்க!"

"சார், நாங்க நாப்பது பேர் நிக்கிறோம், கையில பலகையோட நிக்கிறோம்!"

"பெரியவரே, பத்து நிமிஷம் வேலை, தூக்கி நிறுத்திடுவோம்!"

செலஸ்டினா குரல் மட்டும் தனியாக் கேக்குது. அவ கத்தலை. "அண்ணாச்சி, நீங்க யாரையும் நம்ப வேணாம். அக்காவுக்காகத் தொறங்க"ங்கறா.

சாவி என் கையிலதான் இருந்துச்சு. கதவுக்கும் எனக்கும் ரெண்டு எட்டு. இல்லேங்கலை. ஆனா யோசிச்சுப் பாருங்க. நாப்பது பேர். எவன் எவன்னு தெரியாது. புயல் நேரத்துல கதவைத் தொறந்துவிட்டு, நாளைக்கு ஒண்ணு கிடக்க ஒண்ணு ஆனா யார் பொறுப்பு? வண்டியில கூட்டம் நெருக்கும்போதுதான் ஜேப்படிக்காரன் ஏறுவான். நான் தொறக்கலை. அவளுக்காகத்தான் தொறக்கலை. அதை அந்தப் பொம்பளைக்கு எப்படிப் புரிய வைக்கிறது?

தெற்குச் சுவர் முதல்ல போச்சு. அப்புறம் கூரை மொத்தமா இறங்கிடுச்சு. நீலா பொம்மை அடியில மாட்டிக்கிச்சு. டிவி இருட்டாயிடுச்சு, மூச்சுச் சத்தம் மட்டும் கேக்குது. இவ பேர் நீலாயதாட்சி, சொன்னேனா? நீலான்னுதான் கூப்பிடுவேன். கூப்பிடறப்ப.

கதவு மட்டும் நின்னுச்சு. நான் போட்ட கதவு. சுத்திலும் எல்லாம் கீழே கெடக்கு, அது மட்டும் பூட்டோட நிக்குது. அவ்வளவு உறுதி. அந்தப் பயலுவ சுத்தி வந்து, பலகையெல்லாம் வாரிப் போட்டு, பொம்மையைத் தோண்டி எடுத்து வெளியில உக்கார வெச்சானுங்க. தண்ணி குடுத்தானுங்க. நான் கேட்டேனா? காதுல காத்து மட்டும்தான் கேட்டுச்சு. மணி மூணாச்சு. திரை அணைஞ்சு போச்சு.

காத்து அன்னைக்குப் பார்த்து அடிச்சது கம்பெனிக்காரன் வேலை, எனக்குத் தெரியும். எல்லா வீட்டையும் தூக்கி வைக்க அவனுக்கு வலிக்கும்ல? ஆனா மத்தவன் வீடெல்லாம் எப்படி நின்னுச்சுன்னு கேக்காதீங்க. அது எனக்குத் தெரியாது.

அந்தப் பொம்பளை அதுக்கப்புறம் கூப்பிடவே இல்ல. நிம்மதி. நடுவுல நானே ஒரு தடவை போட்டேன், ரெண்டு தடவை போட்டேன். மணி அடிக்குது, எடுக்கலை. ஷிப்டுல இருப்பா. இறால் சீசன் வேற.

மடியிலயா? இந்தப் பைக்குள்ளயா? ஒண்ணுமில்ல, அந்த விளையாட்டுக் குச்சிதான். திருச்சியில ஒரு கடையில பழுது பார்ப்பாங்களாம். இடது பக்கம் திருப்பினா திரும்பலை. விக்கலாம்னுதான். வேலை செய்யாத சாமானை எவன் வாங்குவான், சொல்லுங்க.

தம்பி, அந்தத் தாடிக்காரன் வீடு கட்டறதைப் பத்தி ஏதோ சொன்னானே, அதைக் கொஞ்சம் பின்னால தள்ளிப் போடுங்க. நாலாம் பாகத்துல எத்தனை ஆள் வேணும்னு சொல்றான்? பதினஞ்சா? தனி ஆளாக் கட்டவே முடியாதா? மடையன், இவனுக்கு என்ன தெரியும். சத்தத்தைக் கூட்டுங்க. அந்த அம்மா திரும்பினா திரும்பட்டும்.

நான் பார்த்தேன், நாலாம் பாகத்தை. அவதான் பதிவு பண்ணி வெச்சிருந்தாளே, தானா வந்து இறங்கிடுச்சு. போய்ப் பார்த்தேன். வீடு வரலை. மனை மட்டும் வந்திருக்கு. இடிஞ்ச வீட்டுக்கு மனையை மட்டும் வீட்டுக்காரங்க பேர்லயே வெச்சிருப்பானாம், வேற எவனும் அதுல கட்ட முடியாதாம். போய் நின்னா நீலாயதாட்சின்னு எழுத்து வரும். நாலு மூலையிலயும் கல்லு ஊனியிருக்கு. நடுவுல ஒண்ணும் இல்ல.